நம் பெயரை எழுதியது யார்?

(பெற்றோர்களுக்கான ஒரு ஞாயிற்றுக்கிழமைச் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



முதலில் ஒரு சின்ன வேண்டுகோள். உங்கள் அடையாள அட்டையைக் கையில் எடுங்கள். புகைப்படத்தைப் பார்க்க வேண்டாம், அதைப் பார்த்தால் எல்லாருக்கும் வருத்தம்தான் வரும். பெயரை மட்டும் எழுத்தெழுத்தாகப் படியுங்கள். தினமும் சட்டைப் பையில் சுமக்கிறோம், ஆனால் படிப்பதில்லை. அந்தப் பெயரை உங்களுக்கு வைத்தவர் பாட்டியாக இருக்கலாம், கோயில் பூசாரியாக இருக்கலாம். நடுவில் ஏ/எல் அல்லது ஏ/பி போட்டது அரசாங்கம். ரோமன் எழுத்தில் அதை எழுதிவிட்டுப் போனவர், நாம் முகம் பார்த்திராத ஏதோ ஒரு கிராணி. ஒரு பெயரில் இத்தனை பேருடைய கை பட்டிருக்கிறது.

வெளிநாட்டுக்குப் போனவர்களுக்கு ஓர் அனுபவம் இருக்கும். பாரத்தில் 'குடும்பப் பெயர்' என்று ஒரு கட்டம். நாம் என்ன எழுதுவது? அப்பா பெயரை எழுதுகிறோம். உடனே அங்கே இருப்பவர் "வாருங்கள் மிஸ்டர் முனியாண்டி" என்று நம் அப்பாவைக் கூப்பிடுகிறார். அப்பா தோட்டத்தில் படுத்துத் தூங்கிக்கொண்டிருப்பார்! விமான டிக்கெட்டில் சாய்கோடு விழாது என்பதால் ஏ/எல் என்பது வெறும் 'ஏஎல்' ஆகி, அதுவும் ஒரு பெயர் மாதிரி நிற்கிறது. நம் பிள்ளைகளில் சிலர் இதனால் கூச்சப்படுகிறார்கள். "எல்லாருக்கும் குடும்பப் பெயர் இருக்கிறது, நமக்கு மட்டும் ஏன் இல்லை? நாம் என்ன குறைந்தவர்களா?" என்று கேட்கிறார்கள்.

குறைச்சல் ஒன்றும் இல்லை. ஐரோப்பாவில் ஐஸ்லாந்து என்று ஒரு நாடு. அங்கே பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் கிடையாது. மகன் என்றால் அப்பா பெயரோடு 'சோன்' சேரும், மகள் என்றால் 'டோட்டிர்' சேரும். 1980-இல் அந்த நாட்டு மக்கள் ஒரு பெண்ணை அதிபராகத் தேர்ந்தெடுத்தார்கள். பெயர் விக்டிஸ் பின்போகடோட்டிர். பின்போகி என்பவருடைய மகள் விக்டிஸ் என்று பொருள். நம் வழக்கில் எழுதினால் 'விக்டிஸ் ஏ/பி பின்போகி', அவ்வளவுதான்! அங்கே தொலைபேசிப் புத்தகத்தைக்கூட அவரவர் சொந்தப் பெயரின் வரிசையில்தான் அடுக்கினார்கள். அதிபரையும் விக்டிஸ் என்றுதான் கூப்பிட்டார்கள். யாரும் அவர்களைப் பார்த்து நாகரிகம் தெரியாதவர்கள் என்று சொன்னதில்லை.

பர்மாக்காரர்களுக்கும் குடும்பப் பெயர் இல்லை. ஐக்கிய நாட்டுச் சபையின் செயலாளராக 1961 முதல் 1971 வரை இருந்தவர் ஊ தாண்ட். 'ஊ' என்பது நாம் 'ஐயா' என்பது போன்ற மரியாதைச் சொல். பெயர் வெறும் தாண்ட். பக்கத்து வீட்டு மலாய்க்காரரையே எடுத்துக்கொள்ளுங்கள். 'பின்', 'பிந்தி' இரண்டும் அரபுச் சொற்கள், இன்னாருடைய மகன், இன்னாருடைய மகள் என்றுதான் பொருள். நம் ஏ/எல், ஏ/பியும் அதேதான், மலாய்ச் சொல்லின் சுருக்கம். கெடாவில் வாழும் சயாமியர்களும் ஏ/எல் போடுகிறார்கள். சரவாக்கில் இபான் மக்கள் 'அனாக்' என்று எழுதுகிறார்கள். ஆக இந்த நாட்டில் சீனர்களையும் இன்னும் சில குடும்பங்களையும் தவிர, பெரும்பாலோர் அப்பா பெயரைத் தாங்கி நடப்பவர்கள்தான்.

நம் நாட்டுச் சட்டத்துக்கும் இது தெரியும். 1957-ஆம் ஆண்டு பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தில் 13ஏ பிரிவு குழந்தையின் குடும்பப் பெயரைப் பற்றிப் பேசுகிறது. அங்கே 'குடும்பப் பெயர் இருந்தால்' என்று ஒரு சொல்லைச் சேர்த்தே எழுதியிருக்கிறார்கள். அந்த 'இருந்தால்' பெரிய சொல். ஜொகூரைச் சேர்ந்த ஒரு முஸ்லிம் குழந்தையின் பிறப்புப் பத்திரத்தில் 'பின் அப்துல்லா' என்று பதிவிலாகா தானாக எழுதியது செல்லுமா என்ற வழக்கு கூட்டரசு நீதிமன்றம் வரை போனது. 2020 பிப்ரவரி 13-இல் தீர்ப்பு வந்தது. ஏழு நீதிபதிகளில் நான்கு பேர், இலாகா அப்படித் தானாக ஒரு பெயரைச் சேர்க்க முடியாது என்றார்கள். மலாய்க்காரர்களுக்குக் குடும்பப் பெயர் என்ற வழக்கம் இல்லை, அதனால் 13ஏ பிரிவு அவர்களுக்குப் பொருந்தாது என்றும் சொன்னார்கள். வழக்கு நம்முடையது அல்ல. ஆனாலும் ஒரு குழந்தையின் பெயருக்குப் பின்னால் என்ன எழுதலாம் என்பதற்கு நாட்டின் உச்ச நீதிமன்றமே உட்கார்ந்து யோசிக்க வேண்டியிருந்தது, பாருங்கள்.

தாய்மார்களுக்கு ஒரு செய்தி. கல்யாணம் ஆனாலும் உங்கள் அடையாள அட்டையில் பெயர் மாறுவதில்லை. பிறந்த வீட்டுப் பெயரோடுதான் கடைசி வரை இருக்கிறீர்கள். சீனப் பெண்களும் அப்படித்தான். ஜப்பானிலோ கணவன் மனைவி இருவருக்கும் ஒரே குடும்பப் பெயர் இருக்க வேண்டும் என்பது சட்டம். அதை எதிர்த்து வழக்குப் போட்டார்கள், 2015-இலும் 2021-இலும் அங்குள்ள உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டம் செல்லும் என்றே சொல்லிவிட்டது. முன்னேறிய நாடு என்கிறோம். இந்த ஒரு விஷயத்தில் நம் தோட்டத்துப் பாட்டி முன்னால் நிற்கிறாள்.

சரி, இந்தக் குடும்பப் பெயர் எல்லாம் எங்கிருந்து வந்தது? நிறைய நாடுகளில் மக்கள் ஆசைப்பட்டு வைத்துக்கொண்டது அல்ல. வரி வாங்க, பட்டாளத்துக்கு ஆள் எடுக்க, அரசாங்கத்துக்குக் கணக்கு வேண்டியிருந்தது. பிலிப்பீன்சை ஸ்பானியர் ஆண்டபோது, 1849-இல் கிளவேரியா என்ற கவர்னர் ஓர் உத்தரவு போட்டார். குடும்பப் பெயர்கள் அகர வரிசையில் அச்சடித்த ஒரு பெரிய புத்தகம். அதிலிருந்து ஊர் ஊராகப் பெயர்களைப் பங்கு போட்டுக் கொடுத்தார்கள். சில ஊர்களில் ஊர் முழுக்க ஒரே எழுத்தில் தொடங்கும் பெயர்கள் இருப்பது அதனால்தான். சயாமில் 1913-இல் சட்டம் வந்தது. ஒரு குடும்பத்தின் பெயர் இன்னொரு குடும்பத்துக்கு இருக்கக் கூடாது என்றார்கள். பிறகு பெயர் வைத்துக்கொண்ட சீன வம்சாவளியினருக்கு, இருக்கிற பெயரெல்லாம் போன பிறகு, ரயில் வண்டி நீளத்துக்குப் பெயர் வந்தது. துருக்கியில் 1934-இல் சட்டம் போட்டார்கள். துருக்கியல்லாத இனத்தின் வாசனை வீசும் பெயர்கள் கூடாது என்றும் அதற்கு விதி செய்தார்கள். அங்கேதான் விஷயம் வேறு திசையில் திரும்புகிறது. கணக்கு எடுப்பதற்காக வந்த பெயர், இனத்தை அழிக்கிற கருவியாக மாறியது.

அதன் கொடுமையைப் பார்க்க வேண்டுமானால் பல்கேரியாவைப் பார்க்க வேண்டும். 1984 கடைசியிலும் 1985 தொடக்கத்திலும் அங்கே வாழ்ந்த பல லட்சம் துருக்கியச் சிறுபான்மையினரின் பெயர்களை அரசாங்கம் ஒரே குளிர்காலத்தில் மாற்றியது. போலீசும் ராணுவமும் கிராமங்களைச் சுற்றி வளைத்துக்கொண்டு நிற்க, புது அடையாள அட்டை கொடுக்கப்பட்டது. நைம் சுலைமானோவ் என்ற எடை தூக்கும் வீரர், பதினெட்டு வயது பையன், 'நவும் ஷலமானோவ்' ஆக்கப்பட்டார். 1986-இல் மெல்பர்னில் போட்டிக்குப் போன இடத்தில் அவர் தப்பித்துத் துருக்கிக்குப் போனார். 1988 சியோல் ஒலிம்பிக்கில் நைம் சுலைமானோக்லு என்ற பெயரில் தங்கம் வாங்கினார். அடுத்த இரண்டு ஒலிம்பிக்கிலும் வாங்கினார். ஆள் ஐந்தடிகூட இல்லை! தன் உடம்பைப் போல மூன்று மடங்கு எடையைத் தூக்கிய மனிதருக்கு, அரசாங்கம் கொடுத்த ஒரு பொய்ப் பெயரைத் தூக்க முடியவில்லை. இந்தோனேசியாவில் 1966-க்குப் பிறகு சீனர்கள் பெயர் மாற்றிக்கொள்ள நெருக்கப்பட்டதும் நமக்குப் பக்கத்து வீட்டுக் கதைதான்.

நம் கதைக்கு வருவோம். நம்மிடம் பெயரை யாரும் பிடுங்கவில்லை. ஆனால் பெயர் எழுதப்பட்டபோது நம் கையில் பேனா இல்லை. கப்பலில் ஏறுமிடத்தில் எழுதினார்கள், தோட்டத்தில் பெரட்டுக் கணக்கில் எழுதினார்கள். குழந்தை பிறந்தால் கிராணியோ, ஆஸ்பத்திரி டிரெசரோ, போலீஸ் நிலையத்தில் இருந்தவரோ காதில் விழுந்தபடி எழுதினார்கள். நமக்கு நடந்தது இதுதான்: எஸ்/ஓ என்று ஆங்கிலத்தில் எழுதினார்கள், மலாய் மொழி நிர்வாக மொழியானதும் அது ஏ/எல் ஆனது. சிங்கப்பூரில் எஸ்/ஓ, டி/ஓ அப்படியே நின்றுவிட்டது. ஒவ்வொரு தலைமுறையிலும் அப்பா பெயர் புதிதாக வரும், தாத்தா பெயர் உதிரும்.

இதே கப்பல்கள் வேறு திசைகளுக்கும் போயின. அங்கே நம்மவர்கள் பெயர் வேறு மாதிரி உறைந்துபோனது. மொரிசியசிலும் தென்னாப்பிரிக்காவிலும் முதலில் இறங்கிய தாத்தாவின் பெயரோ சாதிப் பட்டமோ குடும்பப் பெயராகவே நின்றுவிட்டது. தென்னாப்பிரிக்காவில் 'கவெண்டர்' என்றால் கவுண்டர், 'மூட்லி' என்றால் முதலியார், 'படையாச்சி' படையாட்சியேதான். பிரெஞ்சுக்காரர்கள் கொண்டுபோன குவாதலூப் தீவில் 'மூத்துசாமி' என்ற குடும்பங்கள் இன்றும் இருக்கின்றன. அவர்களில் பெரும்பாலோருக்குத் தமிழ் ஒரு வார்த்தை வராது. நூற்றைம்பது ஆண்டுக்கு முன் கப்பலில் வந்த ஒரு முத்துசாமி மட்டும் பெயரில் உட்கார்ந்திருக்கிறார். யோசித்துப் பாருங்கள், அவர்கள் மொழியை இழந்தார்கள், பெயர் மிஞ்சியது. நமக்கு மொழி மிஞ்சியது, கொள்ளுத்தாத்தா பெயர் மறந்தது. இங்கே இருப்பவர்களில் எத்தனை பேருக்குக் கொள்ளுத்தாத்தா பெயர் தெரியும்? கை தூக்குங்கள்... ஐந்து பேர். பரவாயில்லை, நான் இரண்டு பேரைத்தான் எதிர்பார்த்தேன்.

தென்னாப்பிரிக்காவில் வெள்ளைக்காரர்கள் தமிழர்களைச் 'சாமி' என்று கூப்பிட்டார்கள். ராமசாமி, குப்புசாமி என்று எல்லாப் பெயரும் அப்படி முடிவதால் அதையே ஓர் இளக்காரச் சொல்லாக்கினார்கள். 1893-இல் அங்கே போய் இறங்கிய காந்தி இதைத் தம் வாழ்க்கை வரலாற்றில் எழுதியிருக்கிறார். சாமி என்றால் எஜமான் என்றுதானே பொருள், நான் உனக்கு எஜமானா என்று திருப்பிக் கேட்கிற துணிச்சல் உள்ளவர்களும் இருந்தார்களாம். கேட்டவுடன் வெள்ளைக்காரருக்குக் கோபமும் வந்ததாம். பொருள் தெரிந்தவனிடம் பெயரை வைத்து விளையாட முடியாது.

நம் பெயர்களின் பொருள் நமக்குத் தெரிகிறதா? 2006-ஆம் ஆண்டு சூலை மாதம் தேசியப் பதிவிலாகா, பிள்ளைகளுக்கு வைக்கக் கூடாத பெயர்கள் என்று ஒரு பட்டியல் கொடுத்ததாகச் செய்தி வந்தது. விலங்கு, பூச்சி, பழம், காய்கறி, நிறம், எண் இவையெல்லாம் பெயராகக் கூடாதாம். 'கூனன்', 'நாற்றத் தலை' என்று பொருள்படும் சீனப் பெயர்கள் அதில் இருந்தன. நம் பங்குக்கு இருந்த பெயர் என்ன தெரியுமா? கருப்பசாமி! 'கறுப்புக் கடவுள்' என்று பொருள் எழுதி, அதையும் வேண்டாத பெயர்களோடு சேர்த்துவிட்டார்கள்.

பிள்ளைகளைக் கேலிப் பெயரிலிருந்து காப்பாற்ற வேண்டும் என்ற நோக்கத்தை நான் குறை சொல்லவில்லை. ஆனால் நிறமும் எண்ணும் விலங்கும் கூடாது என்றால் நம் வீட்டில் யார் மிஞ்சுவார்? பச்சையம்மா போனாள், வெள்ளையம்மா போனாள். ஆறுமுகம் போனார், ஏழுமலை போனார். பஞ்சவர்ணம் பாவம், எண்ணும் நிறமும் ஒன்றாகச் சேர்ந்து இரட்டைக் குற்றம்! நாகம்மாவைப் பாம்பு கடித்தது. சீக்கிய நண்பர்களின் 'சிங்' என்றால் சிங்கம், அதுவும் விலங்குதானே? 1699-இல் குரு கோபிந்த் சிங், சாதிப் பெயர்களை ஒதுக்கி எல்லா ஆண்களும் சிங், எல்லாப் பெண்களும் கவுர் என்று கொடுத்த பெயர் அது. நிறத்துக்கு வருவோம். இந்த நாட்டின் துணைப் பிரதமராக 1981 முதல் 1986 வரை இருந்தவர் மூசா ஹீத்தாம். 'ஹீத்தாம்' என்றால் கறுப்பு, அது அவருடைய தந்தையின் பெயர். ஒரு மலாய்க் கிராமத்தில் பிள்ளைக்குக் கறுப்பு என்று அன்போடு பெயர் வைத்திருக்கிறார்கள், நம் கிராமத்தில் கருப்பன் என்று வைத்ததைப் போலவே.

கருப்பசாமி யார்? ஊர் எல்லையில் அரிவாளோடு நின்று காவல் காக்கிற சாமி. முனியாண்டியும், மதுரைவீரனும், காத்தவராயனும், பேச்சியம்மாவும் அதே கூட்டம். கப்பலேறி வந்தவனுக்குப் பெரிய கோயில் கோபுரம் கூட வரவில்லை, இந்தக் காவல் சாமிகள்தான் கூட வந்தார்கள். ரப்பர் மரத்தடியில் ஒரு கல்லை நட்டு, ஒரு சூலத்தைக் குத்தி, தன் பிள்ளைக்கும் அந்தப் பெயரையே வைத்தான். புலியும் பாம்பும் இருந்த காட்டில் பிள்ளைக்கு வேறென்ன பாதுகாப்பு அவனால் கொடுத்திருக்க முடியும்?

இந்தப் பெயர்களில் இன்னொன்றும் ஒளிந்திருக்கிறது. அது ஊர் விலாசம். தாத்தா எந்த ஊரிலிருந்து வந்தார் என்று தெரியாத குடும்பங்கள் நம்மிடம் ஏராளம். பத்திரம் இல்லை, கடிதம் இல்லை. பழைய பெயர்களை விசாரித்துப் பாருங்கள். சுடலைமுத்து, இசக்கி என்று வந்தால் திருநெல்வேலிப் பக்கம். வைத்திலிங்கம் என்றால் வைத்தீஸ்வரன்கோயிலை வேண்டிக்கொண்ட தஞ்சைப் பக்கத்துக் குடும்பமாக இருக்கலாம். அண்ணாமலை, ஏழுமலை, பச்சையம்மா என்று அடுக்காக வந்தால் ஆற்காட்டுப் பக்கம் தேடலாம். பெரியகருப்பன் என்றால் மதுரை, சிவகங்கைப் பக்கம். இது சாட்சி ஆகாது, ஒரு துப்பு மட்டும்தான். பழனியும் முருகனும் எல்லா ஊரிலும் உண்டு. ஆனாலும் ஒன்றுமே இல்லாதவனுக்குத் துப்பு பெரிய சொத்து.

குப்புசாமி, குப்பம்மா, பிச்சை என்ற பெயர்களைக் கேட்டு இன்றைய பிள்ளைகள் சிரிக்கிறார்கள். சிரிப்பதற்கு முன் ஒன்று தெரிந்துகொள்ளட்டும். முதல் குழந்தை செத்து, இரண்டாவது செத்து, மூன்றாவது பிறந்தபோது அந்தத் தாய் என்ன செய்தாள்? குழந்தையைக் குப்பைமேட்டில் ஒரு கணம் கிடத்தி, "இது குப்பை, யாருக்கும் வேண்டாதது" என்று எமனை ஏமாற்றிவிட்டு எடுத்து வந்தாள். பிச்சை என்றால் சாமியிடம் பிச்சையாகக் கேட்டு வாங்கிய உயிர். சீனர்களும் இதே பயத்தில் பிள்ளையை 'நாய்' என்று கூப்பிட்ட காலம் உண்டு. அந்தப் பெயர்களைச் சுமந்தவர்கள் பிழைத்ததால்தான் நாம் இங்கே உட்கார்ந்திருக்கிறோம்.

ஆனால் எல்லாப் பழைய பெயரையும் நான் தூக்கிப் பிடிக்க வரவில்லை. 'போதும்பொண்ணு' என்று ஒரு பெயர் நம்மில் இருந்தது. 'வேண்டாம்' என்றே பெண் பிள்ளைக்குப் பெயர் வைத்த ஊர்கள் தமிழ்நாட்டில் உண்டு. அடுத்தது ஆணாகப் பிறக்க வேண்டும் என்று இந்தப் பிள்ளையின் தலையில் அதைக் கட்டினார்கள். மகாராஷ்டிராவில் சதாரா மாவட்டத்தில் 'வேண்டாதவள்' என்று பொருள்படும் 'நகுஷா' என்ற பெயரோடு இருந்த 285 பெண் பிள்ளைகளுக்கு 2011 அக்டோபரில் ஒரே நாளில் புதுப் பெயர் கொடுத்தார்கள். பிள்ளைகளே தங்களுக்குப் பெயரைத் தேர்ந்தெடுத்தார்கள். அப்படிப்பட்ட பெயர்களைத் தூக்கி எறியத்தான் வேண்டும். சாதிப் பட்டமும் அப்படித்தான். 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் சுயமரியாதை மாநாடு கூடி, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட வேண்டும் என்று தீர்மானம் போட்டது. அந்த ஆண்டு கடைசியில் பெரியார் மலாயாவுக்கே வந்தார். நம் தோட்டங்களில் வெறும் பெயரும் அப்பா பெயரும் மட்டும் போதும் என்று பலர் நின்றது அந்தக் காற்று வீசியதால்தான். தமிழ்ச்செல்வி, இளங்கோ, மணிமேகலை என்ற பெயர்கள் வீட்டுக்கு வீடு வந்ததும் அதற்குப் பிறகுதான்.

கிறிஸ்துவக் குடும்பங்களையும் மறக்க வேண்டாம். பவுல் என்றால் லத்தீனில் 'சின்னவன்'. நம்மவர்கள் அவரைச் சின்னப்பர் ஆக்கி, பிள்ளைக்குச் சின்னப்பன் என்று வைத்தார்கள். சேவியர் சவரிமுத்து ஆனார், ஜோசப் சூசை ஆனார். வெளியிலிருந்து வந்த பெயரையும் வீட்டுப் பெயராக்குகிற வல்லமை நம் தாத்தாக்களுக்கு இருந்தது. இப்போதோ தலைகீழ். எண் கணிதம் பார்த்து இரண்டு 'ஏ', மூன்று 'எஸ்' போட்டு, எந்த மொழியிலும் பொருள் இல்லாத ஒரு பெயரை வைக்கிறோம். தமிழ் வாத்தியாரால் வருகைப் பதிவேட்டில் அதைத் தமிழில் எழுத முடியவில்லை. இது என் சொந்த எரிச்சல், விட்டுவிடுகிறேன்.

எழுத்துப் பிழைக்கு வருகிறேன். இதுதான் உங்கள் பணத்தையும் நாளையும் தின்கிற விஷயம்.

சீனர்களுக்கும் இது நடந்தது. ஒரே சீன எழுத்துதான், ஹொக்கியன்காரர் சொன்னபோது 'டான்', கண்டோனியர் சொன்னபோது 'சான்', ஹக்காக்காரர் சொன்னபோது 'சின்' என்று எழுதப்பட்டது. ஆனால் அவர்களுக்குப் பின்னால் அந்தச் சீன எழுத்து ஒன்று அசையாமல் நிற்கிறது. நம் பெயருக்கு அப்படி ஓர் அசல் அட்டையில் இல்லை. தமிழில் ஒரே 'த' என்றாலும், ரோமன் எழுத்தில் ஒருவர் 'டி' போடுகிறார், ஒருவர் 'டிஎச்' போடுகிறார். 'ழ' வந்தால் ஆளுக்கொரு எழுத்து. இந்தியாவில் லக்ஷ்மி என்று எழுதுகிற பெயர் இங்கே அட்டையில் லெட்சுமி. அதைப் பார்த்து யாரும் வெட்கப்பட வேண்டாம். நம் பாட்டி வாயில் அந்தப் பெயர் எப்படி ஒலித்ததோ, அப்படியே பதிவாகியிருக்கிறது. பிழை அது அல்ல. அம்மாவின் அடையாள அட்டையில் லெட்சுமி, பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தில் லக்ஷ்மி, கல்யாணப் பத்திரத்தில் லெட்சுமி அம்மாள் என்று மூன்று விதமாக இருப்பதுதான் பிழை. கணினிக்கு இது மூன்று பெண்கள்.

பாரம் நிரப்ப உதவுகிற மேசையில் நான் உட்காரும்போது இதைத்தான் அடிக்கடி பார்க்கிறேன். கணவர் இறந்துவிடுவார். சேமநிதிப் பணத்துக்கும் சொக்சோவுக்கும் அந்த அம்மா பத்திரங்களைத் தூக்கிக்கொண்டு அலைவார். ஒரு கவுண்டரில் மாரியாயியும் மாரியம்மாவும் ஒருவரே என்று நிரூபிக்கச் சொல்வார்கள். வேலைக்கு லீவு போட்டு, சத்தியப் பிரமாணப் பத்திரம் எடுத்து, மறுபடி போனால் வேறோர் அதிகாரி வேறொன்று கேட்பார். சாவு வீட்டுச் சாம்பல் ஆறுவதற்குள் அந்தப் பெண் தான் யார் என்று நிரூபிக்க வேண்டியிருக்கிறது.

அதைவிடக் கனமானது ஏ/எல்லுக்குப் பின்னால் வருகிற அப்பா பெயர். 1982 மார்ச் 1 முதல் முஸ்லிமல்லாதோர் திருமணங்கள் சட்டப்படி பதிவாக வேண்டும். கோயிலில் தாலி கட்டி, ஆயிரம் பேருக்குச் சோறு போட்டிருந்தாலும், பதிவு இல்லையென்றால் சட்டத்தின் கண்ணில் அது திருமணம் அல்ல. அப்படிப் பிறந்த குழந்தையின் பத்திரத்தில், அப்பாவும் வந்து அம்மாவோடு சேர்ந்து கேட்டால் மட்டுமே அவர் பெயர் ஏறும். பெயர் ஏறினாலும், அந்தக் குழந்தையின் குடியுரிமை தாயையே தொடரும். தாய் வெளிநாட்டவராகவோ பத்திரம் இல்லாதவராகவோ இருந்தால், அப்பா இந்த மண்ணில் பிறந்த குடிமகனாக இருந்தும் பிள்ளை குடிமகன் ஆகாமல் நிற்கிறான். பிறகு திருமணத்தைப் பதிவு செய்தாலும் அந்தச் சிக்கல் தானாகத் தீர்ந்துவிடுவதில்லை, நீதிமன்றப் படி ஏறியவர்கள் பலர். 2011 பிப்ரவரியில் 'மைடஃப்தார்' என்று அரசாங்கமே நம் சமுதாயத்துக்காக ஒரு பதிவு இயக்கம் நடத்த வேண்டி வந்தது என்றால் பிரச்சினை எவ்வளவு பெரியது என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். பழைய சட்டச் சிக்கலுக்கு அரசாங்கத்தைக் கேள்வி கேட்போம், கேட்டுக்கொண்டும் இருக்கிறோம். ஆனால் புதிதாகப் பிறக்கிற பிள்ளைக்கு அந்தச் சிக்கல் வராமல் தடுப்பது நம் கையில் இருக்கிறது.

அதனால் இளம் பெற்றோர்கள் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். கல்யாணத்தைப் பதிவு செய்துவிட்டுத் தாலி கட்டுங்கள், அல்லது பதிவு செய்யும் உரிமை உள்ள கோயிலில் கட்டுங்கள். குழந்தை பிறந்தால் தீபகற்பத்தில் 60 நாளுக்குள் பதிய வேண்டும். தாண்டினால் தாமதப் பதிவு, விசாரணை, சாட்சி என்று இழுக்கும். பெயரை முன்கூட்டியே முடிவு செய்து, ரோமன் எழுத்தில் பெரிய எழுத்தாக ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். பக்கத்திலேயே தமிழிலும் எழுதிக்கொள்ளுங்கள், பிள்ளைக்கு அதைப் பத்திரமாகக் கொடுங்கள். வாயால் சொல்லி எழுத வைக்காதீர்கள். அப்பா பெயரும் அம்மா பெயரும் அடையாள அட்டையில் எப்படி இருக்கிறதோ, ஒரு எழுத்துக்கூட மாறாமல் அப்படியே எழுதுங்கள், அது தப்பாக இருந்தாலும் சரி. தப்பைத் திருத்துவது தனி வேலை, அதற்குத் தனி மனு. அச்சடித்த பத்திரம் கைக்கு வந்ததும், கவுண்டரை விட்டு நகராமல் அங்கேயே நின்று படியுங்கள். பின்னால் வரிசையில் நிற்பவர் முணுமுணுக்கட்டும். அன்றைக்குச் சொன்னால் ஐந்து நிமிட வேலை, பதினைந்து வருஷம் கழித்துச் சொன்னால் ஐந்து பயணம்.

பத்திரங்களைக் கொண்டு வந்திருப்பவர்கள் இப்போது வலப்பக்கம் உள்ள மேசைக்கு வரலாம். கணவன் மனைவி இருவருடைய அட்டை, கல்யாணப் பத்திரம், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம் எல்லாவற்றையும் வரிசையாக வைத்து எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டுப் பார்ப்போம். நகலை மட்டும் கொடுங்கள், அசலை யாரிடமும் விட்டுவிட்டுப் போகாதீர்கள், எங்களிடமும்தான். கொள்ளுத்தாத்தா பெயர் தெரிந்த அந்த ஐந்து பேரும் தயவுசெய்து முதலில் வாருங்கள், அந்தப் பெயர்களை எழுதி வைத்துக்கொள்ள ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி வந்திருக்கிறேன்.